மாவு மில் ஓடிய இரண்டு நிமிடங்கள்

1959 ஆகஸ்ட் 27, வியாழன்

காலை ஏழு மணிக்கே ரேடியோ ரிப்பேர் முஸ்தபா வந்துவிட்டார். ஒரு வால்வை மாற்றினார். சென்னை நிலையம் இப்போது தெளிவாகக் கேட்கிறது. அடுத்த வீட்டு மாவு மில் மோட்டார் ஓடும்போது மட்டும் பழையபடி உறுமல்.

"அதுக்கு என் செட்டைக் குறை சொல்லாதீங்க. ஒண்ணு மோட்டாரை நிறுத்தோணும், இல்லாட்டி நீங்க ஊடு மாறோணும்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமைகளில் மாவு மில் கிடையாது. அது போதும். அன்று மாலைதான் சென்னையில் மாவட்ட அணிகளின் கால்பந்து இறுதி ஆட்டம். கோவை ஆடுகிறது. பின்பாதியை நேர்முக வருணனையாக ஒலிபரப்புகிறார்கள்.

முறைப்படி நான் சென்னைக்குப் போய்ப் பார்த்து எழுத வேண்டும். மூட்டுவலி வந்த பிறகு இரண்டு ஆண்டுகளாகப் போவதில்லை. ரேடியோவில் கேட்டு எழுதுகிறேன். இது பத்திரிகை ஆசிரியர் பாலகோபாலுக்குத் தெரியும், மனைவி அம்புஜத்துக்குத் தெரியும். 'நமது நிருபர் நேரில் கண்டது' என்ற வரியை மட்டும் ஆசிரியரும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

ஆகஸ்ட் 30, ஞாயிறு

நான் சென்னையில் இருப்பதாக ஊருக்குக் கணக்கு. அம்புஜம் முன்கதவை வெளியே பூட்டிவிட்டுப் பின்கட்டு வழியாக உள்ளே வந்தாள்.

வழக்கம்போல் அட்டையில் மைதானம் வரைந்து இருபத்திரண்டு புளியங்கொட்டைகளை வைத்தேன். கோவை அணிக்குத் தோல் தேய்த்து வெளுத்த கொட்டைகள். வருணனையாளர் சொல்லச் சொல்ல நகர்த்துவேன். பந்துக்கு ஒரு மிளகு. இருபது ஆண்டுகள் மைதான ஓரத்தில் நின்றவனுக்கு அட்டையைப் பார்த்தாலே ஆட்டம் தெரியும்.

இரு தரப்பிலும் கோல் இல்லை. முடிய நான்கு நிமிடம் இருக்கும்போது பந்து கோவை கோல்கீப்பர் சின்னப்பராஜிடம் வந்தது. அந்த நேரம் பார்த்து மாவு மில் மோட்டார் ஓடத் தொடங்கியது. யாரோ கல்யாணத்துக்கு அவசரமாக அரைக்கிறார்களாம். ரேடியோவில் உறுமலைத் தவிர ஒன்றும் இல்லை.

"நான் போயி நிறுத்தச் சொல்லட்டுங்களா?" என்றாள் அம்புஜம்.

"எதுக்குன்னு கேட்டா என்ன சொல்லுவே? வூட்டுக்காரரு ரேடியோ கேக்கறாருன்னா?"

அவள் நின்றுவிட்டாள். கடிகாரத்தைப் பார்த்தேன். சரியாக இரண்டு நிமிடம். மோட்டார் நின்றபோது கோவை மீது ஒரு கோல் விழுந்திருந்தது. அதன்பின் நடு ஆட்டம், ஊதல், முடிவு. எப்படி விழுந்தது என்று மறுபடி சொல்லவில்லை.

மிளகு கோலுக்குள் இருந்தது. அதை அங்கே வைத்தது நான்.

செப்டம்பர் 1, செவ்வாய்

செய்தி வந்துவிட்டது. 'அருகில் எவரும் இல்லாதபோதே பந்து கோல்கீப்பர் சின்னப்பராஜின் கையிலிருந்து நழுவியது.' அரையிறுதியில் அவர் ஒரு முறை நழுவவிட்டதாகக் கேட்டிருந்தேன். இதுவும் அப்படித்தான் இருக்கும். "போய்ட்டு வந்த மாதரயே இருக்குதுங்க" என்றார் பாலகோபால்.

செப்டம்பர் 12, சனி

காலை பத்து மணிக்கு ஒரு பெண் வந்தாள். இருபத்தைந்து வயதிருக்கும். துடியலூரிலிருந்து பஸ் ஏறி வந்ததாகச் சொன்னாள். பெயர் அமலி. கோல்கீப்பர் சின்னப்பராஜின் மனைவி. சண்டைக்கு வந்திருக்கிறாள் என்று நினைத்தேன்.

"உங்க மேல வருத்தமில்லீங்க. தூரத்துல இருந்து பார்த்தா அப்படித்தான் தெரிஞ்சிருக்கும்" என்றாள்.

அவள் சொன்னதை வரிசையாக எழுதுகிறேன். சின்னப்பராஜ் நூல் மில்லில் பதிலித் தொழிலாளி, ஆள் வராத நாளில் மட்டும் வேலை. சென்னை போய் வந்ததும் நிரந்தரமாக்குவதாகச் சொல்லியிருந்தார்கள். போன இடத்தில், கையில் அணைத்திருந்த பந்தை எதிரணிக்காரன் உதைத்திருக்கிறான். வலது கையில் இரண்டு விரல் முறிந்துவிட்டது. ரெஃபரி கவனிக்காமல் கோல் கொடுத்துவிட்டார். ஆளை மாற்ற விதியில்லை. மிச்ச நேரமும் இவர் அந்தக் கையோடு நின்றிருக்கிறார். விரல் சேரும்வரை அறுந்த நூலை முடிச்சுப்போட முடியாது. ஆட்டத்தில் பட்ட காயம் என்றால் மில் லீவு தரும், வேலை இருக்கும். இல்லையென்றால் பதிலிப் பட்டியலிலிருந்து பெயரை அடித்துவிடுவார்கள்.

"கூட ஆடினவங்க சொன்னா, ஒருத்தனுக்கொருத்தன் விட்டுக் குடுக்க மாட்டீங்கன்னுட்டாங்க. உங்க பேப்பரை பைலுல குத்தி வெச்சிருக்கறாங்க. பக்கத்துல ஆளே இல்லீன்னு போட்டிருக்குதே, அப்பறம் எவன் ஒதைச்சான், வழியில எங்கயோ உளுந்து ஒடைச்சுப்போட்டு வந்து கதை சொல்றான்னு கேக்கறாங்க. வார வெள்ளிக்கிழமை விசாரணைங்க. நீங்க நேர்ல பார்த்தவரு. ரோசனை பண்ணிப் பாருங்க. ஒதைச்சது ஞாபகம் வந்தா வந்து ஒரு வார்த்தை சொல்லிப்போடுங்க."

வருகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். அம்புஜம் கொடுத்த மோரை அவள் குடிக்கவில்லை. குடித்ததாக நினைத்திருந்தேன். பிறகுதான் டம்ளரைப் பார்த்தேன்.

செப்டம்பர் 13, ஞாயிறு

எளிதான வழி ஒன்று இருக்கிறது. வெள்ளிக்கிழமை போய், 'ஆமாம், உதைத்ததைப் பார்த்தேன், எழுதும்போது விட்டுப்போயிற்று' என்று சொன்னால் முடிந்தது. சின்னப்பராஜின் வேலை நிலைக்கும். என் பெயரும் நிலைக்கும். யாருக்கு என்ன கெடுதல்?

அம்புஜத்திடம் சொன்னேன். முறத்திலிருந்து தலை நிமிராமல், "ஒதைச்சதுன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டாள்.

அந்தப் பெண் சொன்னாள்.

"அப்ப மொதல்லயும் யாரோ சொன்னாங்களாக்கும்?"

இல்லை. முதலில் யாரும் சொல்லவில்லை. நானே சொல்லிக்கொண்டேன். இது அதைவிட மேலா? மேல்தானே? ஒரு பொய் ஒரு குடும்பத்தை வீழ்த்திவிட்டது, இன்னொரு பொய் தூக்கிவிடும் என்றால் — எழுதும்போதே தெரிகிறது, சரியில்லை. நாளைக்கு எவனாவது என்னைச் சென்னையில் எங்கே தங்கினீர்கள் என்று கேட்டால் சின்னப்பராஜ் சொன்னதும் சேர்ந்து பொய்யாகிவிடும்.

அந்த இரண்டு நிமிடத்தை ஊரில் யாராவது கேட்டிருப்பார்கள். மாவு மில் எல்லார் வீட்டுப் பக்கத்திலும் இல்லை.

செப்டம்பர் 14, திங்கள்

நகராட்சிப் பூங்காவில் விசாரித்தேன். அங்கே ரேடியோவை ஆறு மணிக்குத்தான் திறப்பார்களாம். ஆட்டம் அதற்குள் முடிந்துவிட்டது. முஸ்தபாவின் கடை ஞாயிறு விடுமுறை. "உக்கடத்துல யாகூப் டீக்கடையில கேளுங்க. அவரு ஏரியல் வேப்பமரத்து உச்சியில இருக்குது. நாந்தான் ஏறிக் கட்டினேன்" என்றார். மரம் ஏறிய கதையைக் கால்மணி நேரம் சொன்னார்.

செப்டம்பர் 15, செவ்வாய்

யாகூப்புக்கு நான் கேட்டதும் நினைவு வந்துவிட்டது.

"மறக்குமுங்களா? பால் பொங்கி அடுப்பு அணைஞ்சதே அதுனாலதான். மாரோட அணைச்சிருந்த பந்தை வந்து ஒதைச்சுப்போட்டான், கோல்கீப்பரு கையைப் புடிச்சுட்டு உக்காந்துட்டாருன்னு சொன்னாங்க. கடையில நுப்பது பேரு இருந்தாங்க. ஒருத்தன் ரெஃபரியைத் திட்டிப்போட்டுக் கிளாஸை ஒடைச்சுட்டான். ஏனுங்க, ரெண்டு நாள் கழிச்சு உங்க பேப்பரைப் பார்த்து எல்லாரும் திகைச்சுப்போனோம். ரேடியோவுல தப்பாச் சொல்லிட்டாங்களாட்ட இருக்குது, இவரு பக்கத்துல நின்னு பார்த்தவராச்சேன்னு பேசிக்கிட்டோம்."

டீ ஆறிவிட்டது. சொல்லாமல் எழுந்து வர முடியவில்லை.

"யாகூப், நான் போகலீங்க. வூட்டுல ரேடியோதான் கேட்டேன். அந்த எடத்துல கேக்கலை."

அவர் மேசையைத் துணியால் துடைத்தார். பிறகு, "வெள்ளிக்கெழமை எத்தனை மணிக்குங்க? ஜும்மாவுக்கு முன்னால முடியுமின்னா கடையைப் பூட்டிட்டு வாரேன்" என்றார்.

செப்டம்பர் 18, வெள்ளி

காலை ஒன்பதரை. மில் ஆபீசின் பக்க அறை. லேபர் ஆபீசர் நரசிம்மலு மேசைக்குப் பின்னால் இருந்தார். கண்டிப்பானவர், ஆனால் மரியாதை தெரிந்தவர். எனக்கு நாற்காலி போடச் சொன்னார். சின்னப்பராஜ் சுவரோரமாக நின்றார், கையில் மாவுக்கட்டு. அருகே அமலி. யாகூப் வாசற்படியில்.

இரண்டு ஆண்டுகளாக இவரைப் பற்றி எழுதியிருக்கிறேன். முகத்தை இன்றுதான் பக்கத்தில் பார்த்தேன். வலது புருவத்தில் ஒரு வெட்டுத் தழும்பு. அது எனக்குத் தெரியாது.

"சொல்லுங்க. நேர்ல பார்த்தது நீங்கதான்" என்றார் நரசிம்மலு.

நின்றுகொண்டு சொன்னேன். நான் சென்னைக்குப் போகவில்லை. வானொலி வருணனையைக் கேட்டு எழுதினேன். கோல் விழுந்த இரண்டு நிமிடமும் மோட்டார் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. 'அருகில் எவரும் இல்லாதபோதே' என்பது நானாக எழுதியது. கேட்டவர் வெளியே இருக்கிறார், அவரை விசாரியுங்கள்.

அமலி என்னைப் பார்த்தாள். வீட்டுக்கு வந்தபோது பார்த்தது வேறு, இந்தப் பார்வை வேறு.

நரசிம்மலு யாகூப்பை உடனே கூப்பிடவில்லை. பைலைத் திறந்தார். என் செய்தி குண்டூசியில் இருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே பேசினார்.

"நானும் அன்னிக்கு வூட்டுல ரேடியோ கேட்டேனுங்க. ஒதைச்சுட்டான்னுதான் சொன்னாங்க. என் காதாலயே கேட்டேன். மறாநாளு கழிச்சு உங்க பேப்பரு வந்துச்சு. நேரில் கண்டதுன்னு போட்டிருந்தீங்க. ரேடியோக்காரரு தூரத்துல மேடை மேல உக்காந்திருப்பாரு, நீங்க கோட்டோரமா நின்னிருப்பீங்கன்னு நெனைச்சேன். என் காதை விட உங்க கண்ணைப் பெருசா நம்பிப்போட்டேன்."

குண்டூசியை எடுத்தார். காகிதத்தைக் கிழிக்கவில்லை. மடித்து என் பக்கம் தள்ளினார். "இது உங்களுதுங்க."

பிறகு யாகூப்பைக் கூப்பிட்டு, அவர் சொன்னதையும் எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்.

வெளியே கேட்டருகே சின்னப்பராஜ் எனக்காக நின்றார். நன்றி சொல்வார் என்று ஒரு கணம் எதிர்பார்த்தேன். வெட்கமாக இருக்கிறது.

"ஏனுங்க, போன வருசம் நான் பறந்து புடிச்சு கோலைக் காப்பாத்துனதா எழுதியிருந்தீங்களே. அதுவும் இப்படித்தானுங்களா?"

"அது ரேடியோவுல நல்லாக் கேட்டுதுங்க."

"எங்கம்மா இருதயம்மாள் அதை வெட்டி மாதா படத்துக்குக் கீழ ஒட்டி வெச்சிருக்குது. படிக்கத் தெரியாது. வாரவங்களைப் படிக்கச் சொல்லிக் கேக்கும். அன்னிக்கு நான் பறக்கலீங்க. பந்து நேராத்தான் வந்துச்சு."

அமலி முன்னால் போய்விட்டிருந்தாள். அவரும் போனார்.

செப்டம்பர் 19, சனி

பாலகோபாலிடம் திருத்தம் எழுதிக் கொடுத்தேன். படித்துவிட்டு, "காயம் பட்டதை மட்டும் போடலாமுங்க, நீங்க போகாததை எதுக்குச் சொல்லோணும்?" என்றார். அந்த ஒரு வரிக்காகத்தான் திருத்தம் என்றேன். பார்க்கலாம் என்று மேசை இழுப்பறையில் வைத்துப் பூட்டினார்.

செப்டம்பர் 28, திங்கள்

சின்னப்பராஜ் பெயரை அடிக்கவில்லை. காயத்துக்கு லீவு கொடுத்திருக்கிறார்கள். யாகூப் சொல்லித்தான் தெரியும்.

அக்டோபர் 6, செவ்வாய்

திருத்தம் மூன்றாம் பக்கத்தில் முழுதாக வந்தது. பதினேழு நாள், தினமும் கேட்டேன். இனி கால்பந்து எனக்கில்லை. நகராட்சிக் கூட்டமும் சந்தை நிலவரமும் எழுத வேண்டும். நியாயம்தான். அம்புஜம் அட்டையைப் பரண்மேல் போட்டுவிட்டாள். புளியங்கொட்டைகள் எங்கே என்று கேட்கவில்லை.

1960 ஜனவரி 11, திங்கள்

காரமடைக்குச் செய்திக்காகப் போன பஸ்ஸில் அமலி. துடியலூரில் இறங்கினாள். சின்னப்பராஜை நிரந்தரமாக்கிவிட்டார்களாம், மில் ஸ்டோர்ஸில். விரல் இரண்டும் மடங்கவில்லையாம், அதனால் நூல் வேலை முடியாது. பந்தும் முடியாது. கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள்.

ஜூலை 24, ஞாயிறு

கால்பந்து எழுத ஆள் இல்லை என்று பாலகோபால் மறுபடி கேட்டார். சென்னைக்குப் போக மூட்டு இடம் கொடுக்காது, கேட்டு எழுதுவேன், கேட்டு எழுதியது என்றே போட வேண்டும் என்றேன். சம்மதித்தார்.

யாகூப் கடையில் உட்கார்ந்தேன். அட்டை இல்லை, கொட்டை இல்லை. நோட்டும் கடிகாரமும் மட்டும். பாதியில் சின்னப்பராஜ் வந்து எதிர் பெஞ்சில் உட்கார்ந்தார். டீக் கிளாஸை இடது கையில் வாங்கினார்.

5.31க்கு மின்சாரம் போனது. கடை முழுக்கக் கூச்சல். 5.34க்கு வந்தது. வால்வு சூடேறிக் குரல் வர இன்னும் ஒரு நிமிடம். அதற்குள் கோவை ஒரு கோல் போட்டிருந்தது. எல்லாரும் துள்ளினார்கள். போட்டது யார், எப்படி என்று ஆளுக்கொரு விதமாகச் சொன்னார்கள்.

ஆட்டம் முடிந்ததும் அங்கேயே எழுதி முடித்தேன். சின்னப்பராஜ் கை நீட்டினார். கொடுத்தேன். மடங்காத இரண்டு விரலும் காகிதத்துக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்க, மெதுவாகப் படித்தார். முதல் வரி: 'வானொலி வருணனையைக் கோவையில் கேட்டு எழுதியது.' கடைசிக்கு முந்தைய வரி: 'மின்சாரம் போனதால் 5.31 முதல் 5.35 வரை ஒன்றும் கேட்கவில்லை. அப்போது விழுந்த கோல் எப்படி விழுந்தது என்று எனக்குத் தெரியாது.'

அந்த வரியை மறுபடியும் படித்தார்.

"இதையெல்லாம் எங்கம்மா வெட்டி ஒட்டாதுங்க" என்று திருப்பிக் கொடுத்தார். சிரிக்கவில்லை.

படி இறங்கியவர் திரும்பி, வருகிற ஞாயிறு ஆட்டம் எத்தனை மணிக்கு என்று கேட்டார். ஐந்தேகால் என்றேன்.