நான்காம் எதிர்மனுதாரர்

ஜூன் 9

அன்புள்ள பொடிக்கு,

நாளையோ மறுநாளோ உன் வீட்டுக்கு நீதிமன்ற நோட்டீஸ் வரும். பதறாதே, அனுப்பியது நான்தான். நேரில் சொல்ல இரண்டு முறை உன் அறைவரை வந்தேன். துறைத் தலைவர் நாற்காலியில் உன்னைப் பார்த்ததும் வருகைப் பதிவேட்டைப் பற்றி ஏதோ கேட்டுவிட்டுத் திரும்பிவிட்டேன்.

எட்டு வருடம் நான் இருந்த பதவி. அப்போதைய விதிப்படி முறையாகக் கொடுத்தது. முனைவர் பட்டம் இல்லாதவர் துறைத் தலைவராக இருக்கக் கூடாது என்று புது விதி வந்ததும், ஒரே தாளில் என்னை இறக்கி உன்னை ஏற்றினார்கள். என் வழக்கு அந்தத் தாளின்மேல்தான். ஆனால் உன்னைச் சேர்க்காமல் வழக்கு நிற்காதாம். கல்லூரி, பல்கலைக்கழகம், தேர்வுக் குழு, அப்புறம் நீ.

திட்ட வேண்டுமென்றால் நன்றாகத் திட்டி எழுது. எழுதாமல் மட்டும் இருக்காதே.

உன் நெட்டை

ஜூன் 14

நெட்டை,

நோட்டீஸை என் வீட்டுக்காரர்தான் வாங்கினார். "யாரோட சண்டை போட்டுட்டு வந்தே?" என்றார். உன் பெயரைக் காட்டினேன். விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தார்.

வழக்குப் போட்டது உன் உரிமை. நானாக இருந்தாலும் போட்டிருப்பேன். உன் மனுவின் பதினோராம் பத்தியைத்தான் என்னால் தாண்ட முடியவில்லை. ஆராய்ச்சி விடுப்பில் நான் போன மூன்று வருடத்தைக் கற்பித்தல் அனுபவமாக எடுக்கக் கூடாதாம். அதைக் கழித்தால் எனக்கே தகுதி இல்லையாம். போகமாட்டேன் என்று நின்றவளை, "நீ போடி, உன் வகுப்பையெல்லாம் நான் பாத்துக்கறேன்" என்று பிடித்துத் தள்ளியது யார்?

வக்கீல் எழுதியதைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டேன் என்று ஒரு வரி எழுது. நம்பிவிடுகிறேன்.

பொடி

ஜூன் 16

பொடி,

படித்துவிட்டுத்தான் போட்டேன்.

"இது ஒண்ணுதாம்மா வலுவான பாயிண்ட்" என்றார் வக்கீல். அன்றைக்கு இருந்த ஆத்திரத்தில் எனக்கும் அது நியாயமாகவே பட்டது. என் பெயர்ப்பலகையைக் கழற்ற வந்தவருக்கு ஆணி வரவில்லை, சுவரைப் பெயர்த்துக்கொண்டிருந்தார். மாணவர்கள் நின்று பார்த்தார்கள். நான் விடைத்தாள் திருத்துகிற மாதிரி குனிந்தே உட்கார்ந்திருந்தேன். ஒரு தாள்கூடத் திருத்தவில்லை.

அந்தப் பத்தியை நீக்கச் சொல்லி இன்று மனு கொடுத்துவிட்டேன். "நீங்க ஜெயிக்க வந்தீங்களா, தோக்க வந்தீங்களா?" என்று வக்கீல் கத்தினார். தெரியவில்லை சார் என்றேன்.

என்னை மன்னி.

நெட்டை

பிப்ரவரி 3

அன்புள்ள நெட்டைக்கு,

எட்டு மாதமாகத் தினமும் உன்னை வராந்தாவில் பார்த்தும் பதில் எழுதவில்லை. இன்று எழுதியாக வேண்டும்.

தீர்ப்பை இரண்டு முறை படித்தேன். புது விதி இனி வருகிறவர்களுக்குத்தான். முன்பே முறையாகப் பதவி பெற்றவர்களை அதைக் காட்டி இறக்க முடியாது. கல்லூரி போட நினைத்த மேல்முறையீட்டில் என்னையும் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். "மேடம், நீங்களும் சேர்ந்தா கேஸ் நிக்கும்" என்றார் முதல்வர். மாட்டேன் என்றேன். உனக்காக விட்டுக்கொடுத்ததாக யாரிடமும் சொல்லாதே. தீர்ப்பு சரி. அவ்வளவுதான்.

அறையைக் காலி செய்துவிட்டேன். பதினெட்டாம் தேதி அங்கீகாரக் குழு வருகிறது. ஆய்வகக் கோப்பு பாதியில் நிற்கிறது. எப்போது வேண்டுமானாலும் கேள், சொல்லித் தருகிறேன். வேலையில் குறை வைக்கமாட்டேன்.

ஆனால் முன்போல மதியம் சேர்ந்து சாப்பிடக் கூப்பிடாதே. கோபம் எப்போதோ போய்விட்டது. உன்னிடம் பேசும் முன்பு வார்த்தையை ஒரு முறை யோசித்துக்கொள்கிறேனே, அது இன்னும் போகவில்லை. போனதும் நானே வருவேன். எப்போது என்று கேட்காதே, எனக்கே தெரியாது.

கால அட்டவணை போடும்போது முதல் மணி வகுப்பை மட்டும் என் தலையில் கட்டிவிடாதே. இதைத் துறைத் தலைவரிடம் கேட்கவில்லை, உன்னிடம் கேட்கிறேன்.

பொடி