நான் சேர்த்த இரண்டு பேர்

5-1-2025, ஞாயிறு, திண்டிவனம்

பேரன் புகழேந்தி ரயில்வே பரீட்சையில் பாஸாகி விழுப்புரம் ஜங்ஷனிலேயே வேலைக்குச் சேர்ந்துவிட்டான். பேத்தி கலைமதி மாவட்டப் போட்டியில் குண்டு எறிந்து இரண்டாவது இடம். முதலில் வந்தவளுக்கு இவளைவிட ஒரு வயசு கூட, அதையும் எழுதி வைக்கணும். எல்லாப் பேரப் பிள்ளைகளுக்கும் மூத்தவள் அஸ்வினி ஆஸ்திரேலியாவில் நர்ஸ். எல்லார் பிள்ளைகளும் இருக்கிற சிட்னி, மெல்போர்ன் இல்லை. நடுப் பாலைவனம். ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் என்கிற ஊரிலிருந்து காரில் நாலு மணி நேரம். அந்த நாட்டின் பூர்வகுடி ஜனங்களுக்கு வைத்தியம் பார்க்கிறாள். அஞ்சாவதோடு நின்றவளின் பேத்தி. போதும், என் கண்ணே பட்டுவிடும்.

இன்று அவள் அனுப்பிய கூரியர் வந்தது. ஒரு குழாய்க்குள் சுருட்டிய துணி. விரித்தால் முழுக்கப் புள்ளி. செங்காவி, மஞ்சள், வெள்ளை, கருப்பு. நோரா என்கிற பெரியம்மா எனக்காக வரைந்து கொடுத்ததாம். போன வருஷம் அஸ்வினி ஜுரத்தில் கிடந்தபோது தன் வீட்டுக்குக் கூட்டிப்போய் வைத்துப் பார்த்துக்கொண்டவர். இவளைத் தன் பேத்தி என்றே எல்லாரிடமும் சொல்கிறாராம். சொந்தம் என்று ஒரு ஆள் இல்லாத ஊரில் என் பிள்ளைக்கு ஒரு வீடு. அந்தத் துணியைக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன்.

9-1-2025

துணியைச் சுவரில் மாட்டியாச்சு, பிள்ளைகளின் போட்டோக்களுக்கு நடுவில்.

நடுவில் வட்டத்துக்குள் வட்டம். அதைச் சுற்றி லாடம் மாதிரி வளைவுகள். இந்தப் பக்கம் அஞ்சு, அந்தப் பக்கம் மூணு. எத்தனை தரம் எண்ணினாலும் அஞ்சும் மூணும்தான். இவ்வளவு கை தேர்ந்தவர் இதை எப்படி விட்டார்? வயசாச்சு, கண் சரியில்லை போல. எனக்கும்தான் ஊசியில் நூல் போகமாட்டேன் என்கிறது.

14-1-2025

பொங்கல். பால் கிழக்கே பொங்கி வழிந்தது. நல்லதுதான்.

16-1-2025, காணும் பொங்கல்

தெரு இளைஞர் மன்றத்துக் கோலப் போட்டியில் முதல் பரிசு எனக்கு. மூணு லிட்டர் குக்கர்.

எல்லாரும் பானையும் கரும்பும் மயிலும் போட்டார்கள். நான் நோரா வரைந்த படத்தைப் போட்டேன். ஆறு மணிக்குக் குனிந்தவள் பத்தரைக்குத்தான் நிமிர்ந்தேன். அந்தப் பக்கம் குறைந்த இரண்டு வளைவையும் சேர்த்து அஞ்சுக்கு அஞ்சாக்கினேன். அப்புறம்தான் கோலம் கோலமாக நின்றது. ஒருத்தர் வாசலில் பார்த்ததை நம் வாசலில் போட்டால் அது அவர்களுக்கு மரியாதை. இந்தத் தெருவில் என் கோலம் எத்தனை வாசலில் கிடக்கிறது. நோராவும் கேட்டால் பூரித்துப்போவார்.

மன்றத்துச் செயலாளர் தென்னரசு மைக்கில், “ஆயா ஃபாரின் ரேஞ்சுக்குப் போய்க்கினு இருக்குது, மத்தவங்க கொஞ்சம் உஷாரா இருங்க” என்றான். கலைமதி போட்டோ எடுத்து எல்லா இடத்திலும் போட்டுவிட்டாள். சாயங்காலமே விழுப்புரத்திலிருந்து அலெக்ஸ் என்பவர் போன் செய்தார். துணியில் படம் அச்சடிக்கிற கடை வைத்திருக்கிறாராம். தலையணை உறையில் போட்டு விற்கட்டுமா என்று கேட்டார். தாராளமாக என்றேன். ஓரத்தில் என் பேரையும் போடுவாராம்.

17-1-2025

அஸ்வினி பேசினாள். நல்லா இருக்கியா என்றுகூடக் கேட்கவில்லை.

“ஆயா, யாரைக் கேட்டு அதப் போட்டே?”

கோலம் போட யாரைக் கேட்கணும் என்றேன். அவள் மெதுவாகச் சொன்னாள்.

நடுவில் இருக்கிற வட்டம் ஒரு ஊற்று. லாடம் மாதிரி இருப்பது ஒவ்வொன்றும் ஒரு பெண். மணலில் சம்மணம் போட்டு உட்கார்ந்து எழுந்தால் பதிகிற தடம் அது. மேலேயிருந்து பார்க்கிற மாதிரி வரைவார்களாம். ஆதியில் யார் எந்த வழியாக நடந்து வந்தார்கள், அந்த ஊற்று எப்படி உண்டானது என்கிற கதை நோரா வீட்டுக்குச் சொந்தம். அப்பா வழியில் வந்தவர்கள் வரைவார்கள். அம்மா வழியில் வந்தவர்கள் பக்கத்திலிருந்து, ஒன்றும் கூடாமல் குறையாமல் வருகிறதா என்று பார்ப்பார்கள். மற்றவர்கள் கேட்காமல் கை வைக்கக் கூடாது. எங்கள் மண், எங்கள் தண்ணீர் என்று சொல்ல அதுதான் அவர்களுக்குப் பட்டாவும் சிட்டாவும்.

“உனக்குச் சொல்லாம உட்டது என் தப்பு. சொவத்துல மாட்டிப் பாத்துக்கினு இருப்பேன்னு நெனச்சேன்.”

“அதான் அழிஞ்சுபோச்சே கண்ணு. நேத்தே அது மேல வண்டி ஏறிடிச்சி.”

“போட்டோ அழியலியே ஆயா. கூடாம கொறையாம வருதான்னு பாத்துக்க வேண்டியது நோராவோட தங்கச்சி மவ. அவ என்னைக் கேட்டா இன்னா சொல்லுவேன்? எந்த மூஞ்சிய வச்சிக்கினு அந்த வூட்டுக்குப் போவேன்?”

18-1-2025

சோறு இறங்கவில்லை. அங்கே அவளுக்கு இருந்தது ஒரே ஒரு வீடு. என் கையாலேயே அதைச் சாத்தினேனா?

19-1-2025, ஞாயிறு

அதெப்படி, புள்ளி வைக்க ஒரு உரிமையா என்று நேற்று முழுக்க மனசு முரண்டு பிடித்தது. இன்று அப்பா ஞாபகம் வந்தது.

கண்டாச்சிபுரம் பக்கத்தில் எங்கள் ஊர் திரௌபதி அம்மன் கோயிலில், தீமிதிக்குக் கரகம் தூக்குவது எங்கள் வீட்டுப் பாத்தியதை. தாத்தா, அப்பா, இப்போது என் அண்ணன் மகன். நான் மூணாவது படிக்கும்போது ஒரு வருஷம் அப்பா விஷ ஜுரத்தில் படுத்துவிட்டார். நேரமாகிறது என்று விருத்தாசலம் மாமா கரகத்தைத் தன் தலையில் வைத்துக்கொண்டு ஏரியிலிருந்து கிளம்பிவிட்டார். நல்ல மனுஷன், கெட்ட எண்ணம் கிடையாது. அழகாகத்தான் ஆடிவந்தார். சனங்கள் கைகூடத் தட்டினார்கள். அப்பா போர்வையோடு வந்து கோயில் எதிரில் தரையில் உட்கார்ந்தார். சத்தம் போடவில்லை. “கேட்டிருந்தா நானே உன் தலையில தூக்கி வச்சிருப்பனே” என்று மட்டும் சொன்னார். மாமா அப்படியே நின்றார். எனக்கு அந்த மூஞ்சி இன்னும் தெரிகிறது.

இன்று கண்ணாடியில் பார்த்தால் அதே மூஞ்சி.

20-1-2025

குக்கரைக் கொண்டுபோய் மன்றத்தில் வைத்தேன். கோலம் என்னுடையது இல்லை, கேட்காமல் எடுத்தது என்று சொன்னேன்.

“இன்னா ஆயா, நாலு நாள் பருப்பு வெந்த குக்கரு” என்றான் தென்னரசு.

“தேய்ச்சித்தான் எடுத்தாந்திருக்கேன். சந்தேகம்னா விசில் வச்சிப் பாரு.”

இரண்டாவது வந்த எதிர்வீட்டுக் கெங்கம்மாள் அதற்குள் மூடியைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். “நானாக் கேக்கல, நீயாக் குடுக்கிற. அப்புறம் மனசு மாறிக்கினு வரக்கூடாது.” வரமாட்டேன் என்றேன். அவள் மயில் நல்ல மயில்தான். கழுத்து மட்டும் கோழி மாதிரி.

போட்டோ போய்ச்சேர்ந்த ஒவ்வொருத்தரிடமும் கலைமதி போன் செய்து அதை அழிக்கச் சொன்னாள். முகம் சுளிக்காமல் செய்தாள். தங்கம்.

22-1-2025, புதன்

விழுப்புரம் போனேன். பஸ்ஸை விட்டு இறங்கி, ஷேர் ஆட்டோவில் அலெக்ஸ் கடைக்கு. மாதிரிக்கு ஒரு தலையணை உறை அடித்து வைத்திருந்தார். பார்க்க நன்றாகவே இருந்தது, அதுதான் வேதனை.

“சரின்னது நீங்கதானேம்மா. கோலத்துக்கு எல்லாம் யாருங்க ஓனரு?”

அப்பா கதையைச் சொன்னேன். கவுண்டருக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டே முழுசாகச் சொன்னேன். கேட்டுக்கொண்டே உறையை மடித்தார். “எங்க ஊரு கோயில் தேர்லயும் மொத வடம் இன்னாரு வூடுதான்னு இருக்குது. அந்த வூட்டு ஆளு வராம தேரு நவுராது” என்றார். பிறகு கம்ப்யூட்டரில் இருந்ததை என் கண்ணெதிரில் அழித்தார். உறையையும் என்னிடமே கொடுத்துவிட்டார். கதவைத் தாண்டும்போது, “காலங்காத்தால பேஜாரு” என்று கடையில் வேலை செய்கிற பெண்ணிடம் சொன்னது காதில் விழுந்தது. சொல்லட்டும்.

2-2-2025, ஞாயிறு

அஸ்வினி போய்ச் சொல்லிவிட்டாள். மறைத்து வைத்துக்கொண்டு அந்த வீட்டில் டீ குடிக்க முடியவில்லையாம். நோரா போட்டோவை வெகுநேரம் பார்த்தாராம். தங்கச்சி மகள் எழுந்து வெளியே போய்விட்டாளாம். நோரா கேட்டது ஒன்றே ஒன்று: “அந்த ரெண்டு பேரு யாரு?”

நான் சேர்த்த இரண்டு வளைவைத்தான். அஸ்வினிக்குப் பதில் தெரியவில்லை. உங்க ஆயாவே வந்து சொல்லட்டும் என்றாராம். அடுத்த ஞாயிறு வீடியோவில் பேசணும்.

என்ன சொல்வேன்?

9-2-2025, ஞாயிறு

பேசினேன். கலைமதி போனைப் பிடித்துக்கொண்டாள், அஸ்வினி இங்கேயும் அங்கேயும் சொன்னாள்.

நோரா வாசலில் சிவப்பு மண்ணில் உட்கார்ந்திருந்தார். என்னைவிடப் பெரியவர். பூப்போட்ட பாவாடை, வெள்ளை முடி. அந்தத் தங்கச்சி மகள் கொஞ்சம் தள்ளி, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு.

அந்த ரெண்டு பேரு யாரு என்று நோரா என்னையே கேட்டார்.

“யாருமில்லம்மா. ரெண்டு பக்கமும் சரியா வரணுமேன்னு உக்கார வச்சேன்” என்றேன். நாலு நாளாக மனப்பாடம் செய்ததெல்லாம் போய்விட்டது. “உங்களுக்குத் தப்பா வந்துடுச்சின்னு நெனச்சி நான் சரி பண்ணேன். கேக்காமப் பண்ணேன். எம் மேல கோவப்படுங்க. அவ மேல வேணாம்.”

அந்த ஊற்றுக்கு வந்தவர்கள் எட்டுப் பேர்தான் என்றார் நோரா. வராதவர்களை உட்கார வைத்தால் வந்தவர்களுக்கு அது நியாயமில்லை என்றார். சரிதான் என்றேன். அப்பாவின் கரகத்தைச் சொன்னேன். தலையை ஆட்டிக் கேட்டவர், “அப்புறம் அந்த மாமா என்ன ஆனார்?” என்றார்.

“அடுத்த வருஷம் பக்கத்துல தீவட்டி பிடிக்க அப்பாவே போய் அவரக் கூப்பிட்டாரு.”

அப்போதுதான் நோரா சிரித்தார். மண்ணை உள்ளங்கையால் தடவிச் சமமாக்கி, விரலால் ஒரு சின்ன வட்டமும், இரண்டு பக்கமும் ஒவ்வொரு வளைவும் போட்டார். இது ஊற்று இல்லை, டீ கொதிக்கிற அடுப்பு. இது யாருடைய கதையும் இல்லை, இன்றைக்கு நடந்தது என்றார். “இது நான், இது நீங்க.” சொல்லி முடித்ததும் கையால் அழித்துவிட்டார். படம் பிடிக்கலாமா என்று கலைமதி கேட்கக்கூட நேரமில்லை. நல்லது.

சுவரில் இருக்கிற துணி அங்கேயே இருக்கட்டும், பார்ப்பதற்குத்தானே கொடுத்தேன் என்றார். போனை வைக்கும் முன், அஸ்வினியின் மணிக்கட்டைப் பிடித்துத் தூக்கி எனக்குக் காட்டினார். “நம்ம பேத்தி இளைச்சிட்டா, பாத்தீங்களா?” அதையும் அஸ்வினியேதான் எனக்குச் சொல்ல வேண்டியிருந்தது.

தங்கச்சி மகள் கடைசிவரை திரும்பவில்லை. நாளாகும். ஆகட்டும்.

நாளை அஸ்வினிக்கு எழுதி அனுப்ப வேண்டியது:

கண்ணு, வேளைக்குச் சாப்பிடு. எனக்கு ஒரு புது போட்டோ வேணும். நீயும் நோராவும் அந்த மண்ணில் உட்கார்ந்திருக்கிற மாதிரி. போனில் வேண்டாம், காகிதத்தில் போட்டுத் தபாலில் அனுப்பு. ஆனால் முதலில் நோராவைக் கேள். அவர் தங்கச்சி மகளையும் கேள். துணிக்குப் பக்கத்தில் இன்று ஒரு ஆணி அடித்து வைத்திருக்கிறேன். அவர்கள் வேண்டாம் என்றால், ஆணி சும்மாவே இருக்கட்டும்.