கவரில் கட்டிய கேக்

நசரத்பேட்டை,
24-1-1999

அன்புள்ள தங்கச்சி ஜமீலாவுக்கு,

உன் நாகா அக்கா எழுதிக்கொள்வது. நானும் உன் மாமாவும் உன் மகள் பர்வீனும் உடம்பளவில் நன்றாக இருக்கிறோம். குவைத்தில் இப்போது குளிர் கடுமை என்று சொல்கிறார்களே, அந்த வீட்டுக்காரி உனக்குக் கம்பளி கொடுத்தாளா? கேட்டு வாங்கிக்கொள். நீ வாய் திறந்து கேட்க மாட்டாய், எனக்குத் தெரியும்.

உன் கடிதம் போகிக்கு முதல் நாள் வந்தது. மார்ச்சோடு ரெண்டு வருஷம் முடிகிறது, பர்வீன் என்னைத் தேடவில்லை என்றால் இன்னும் ரெண்டு வருஷத்துக்குக் கையெழுத்துப் போடுகிறேன், தேடுகிறாள் என்றால் வந்துவிடுகிறேன், அக்கா சொல்வதுதான் முடிவு என்று எழுதியிருந்தாய். அன்றைக்கே பதில் எழுதிவிட்டேன். குழந்தை உன்னைத் தேடவே இல்லை, நிம்மதியாக இரு என்று. பொங்கல் லீவு, ரம்ஜான் லீவு என்று அது தபாலில் சேராமல் அலமாரியிலேயே கிடந்தது. நேற்றுக் காலை அதை வெந்நீர் அடுப்பில் போட்டுவிட்டேன். காரணம் அந்த கேக்.

பூந்தமல்லியில் நீ வேலை செய்த கொரியாக்கார அம்மா வீட்டில் செய்வீர்களே சர்க்கரைவள்ளிக் கிழங்கு கேக், அதைப் பர்வீன் பிறந்தநாளுக்குச் செய்து கொடு என்று பக்குவமும் எழுதி அனுப்பியிருந்தாய். பொங்கல் சமயம், கிழங்குக்கு என்ன பஞ்சம்? கிழங்கை வேகவைத்து மசி என்று நீ எழுதியிருந்தாய். எனக்குத் தெரிந்த வேகவைப்பு பானை நிறையத் தண்ணீர், ஒரு கல் உப்பு, ஒரு துண்டு வெல்லம். வியாழக்கிழமை அப்படியே செய்தேன். மசித்தால் கூழாக ஓடுகிறது. விடுவேனா? பால் ஏடும் சர்க்கரையும் போட்டு அடித்தேன். நம் வீட்டில் ஏது ஓவன்? அலுமினியக் குண்டானில் மணலைக் கொட்டிக் காயவைத்து, அதற்குள் கிண்ணத்தை இறக்கி மூடி முட்டை கேக்கை வேகவிட்டேன். அதை ரெண்டாக அறுத்து நடுவில் கிழங்கைப் பூசினதுதான் தாமதம், மேல் பாதி வழுக்கிக்கொண்டு போய்த் தட்டுக்கு வெளியே விழுந்தது. உன் மாமா வேலையிலிருந்து வந்து பார்த்துவிட்டு, "இன்னா நாகா, கேக்கு கால நீட்டிப் பட்துகினு கீது" என்றார்.

பின்வீட்டுப் பொன்னியம்மாவின் கோழிகளுக்குப் போடலாம் என்று அதைப் பிசைந்து ஒரு பிளாஸ்டிக் கவரில் கட்டி, ஆணியில் மாட்டினேன். மறுநாள் கிழங்கை இட்லிப் பானையில் ஆவியில் வைத்தேன். மாவு போல உதிர்ந்தது. இந்த முறை கேக் அசையாமல் நின்றது. ஓரங்களை அறுத்து உதிர்த்து, மாவுச் சல்லடையில் சலித்து, நீ எழுதினபடி மேலெல்லாம் தூவினேன். கடையில் வைத்தால் விலை போயிருக்கும், அப்படி ஒரு அழகு.

சாயங்காலம் தெருப் பிள்ளைகள் ஐந்தாறு பேர் வந்தார்கள். பர்வீன் ரம்ஜானுக்கு எடுத்த பச்சைப் பாவாடையில் இருந்தாள். ஒரு வாய் தின்றாள், தட்டை வைத்துவிட்டாள். "இது அம்மி கேக் இல்ல" என்றாள். எனக்குக் கோபம் வந்துவிட்டது. உன் அம்மி எழுதினபடிதான்டி செய்தேன் என்று எல்லார் முன்னாலும் அதட்டினேன்.

கொஞ்ச நேரத்தில் ஆளைக் காணோம். சமையலறைக் கதவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தாள். கோழிக்குக் கட்டி வைத்த கவரை எடுத்து, பாவாடைக்குள் இடுப்பில் செருகி, மேலே ரெண்டு கையையும் வைத்துப் பொத்திக்கொண்டிருந்தாள். என்னடி இது என்றேன். "சூடாவட்டும் அத்தே. அம்மி கேக்கு சூடாத்தான் இருக்கும்" என்றாள். பிறகு கவரை அவிழ்த்து ஒரு பிடி அள்ளித் தின்றுவிட்டு, "இதான் அம்மி கேக்கு" என்றாள்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது ஜமீலா. அந்த வீட்டில் அறுத்த ஓரத்தையும் சல்லடையில் தங்கினதையும் கவரில் கட்டி இடுப்பில் செருகிக்கொண்டு பஸ் நெரிசலில் வருவாயே, அது நசுங்கித் தூளாகி, உன் உடம்புச் சூட்டோடு அவள் கைக்கு வரும். முழுக் கேக்கை அவள் கண்ணால் கண்டதே இல்லை. பக்குவம் எழுதும்போது அது உனக்கே ஞாபகம் வரவில்லை. நாலரை வயசில் பார்த்ததைக் குழந்தை மறக்கவில்லை.

நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன். உனக்காக மட்டும் அழுதேன் என்று சொன்னால் அது பொய். ஆடி மாசம் அவளுக்குக் காய்ச்சல் வந்தபோது, அரைத் தூக்கத்தில் என்னை அம்மா என்று கூப்பிட்டாள். உன்னை அம்மி என்பாள், என்னை அம்மா என்றால் என்ன குறைந்துவிடும் என்று நானே எனக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டேன். அதிலிருந்து எப்போதாவது கூப்பிடுவாள். நான் திருத்தவில்லை. பதினொரு வருஷமாகத் திருவேற்காட்டுக்கு நடையாய் நடந்தவள், கருமாரி கொடுத்துவிட்டாள் என்று நினைத்துக்கொண்டேன். "இரவல் நகைய போட்டுகினு ரொம்ப ஆடாத" என்று உன் மாமா சொன்னபோது ரெண்டு நாள் அவரோடு பேசவில்லை.

அவள் வாய்விட்டு உன்னைக் கேட்பதில்லை, அது நிஜம். கேட்டால் என் முகம் மாறுகிறது என்று கண்டுபிடித்துவிட்டாள் போலிருக்கிறது. ஏழு வயசுப் பிள்ளை எனக்காக அடக்கிக்கொண்டிருக்கிறது. அடுப்பில் போட்ட கடிதத்தில் நான் எழுதியிருந்தது என் ஆசை.

அதனால் கையெழுத்துப் போடாதே. உன் ஓட்டு வீடு ஓட்டு வீடாகவே இருக்கட்டும், தளம் பிறகு போடலாம். வாரா வாரம் பெருக்கித் துடைத்துத்தான் வைத்திருக்கிறேன். பிள்ளையைத் தவறாமல் ஓத அனுப்புகிறேன், கறியும் பாய் கடையில்தான் வாங்குகிறேன். நீ விட்டுப்போனபடியே திருப்பித் தருகிறேன். நீ வரும் நாளை எழுது, கேக் செய்து வைக்கிறேன். கிழங்கைத் தண்ணீரில் போட்டே வேகவைக்கிறேன்.

உன் அல்லா உன்னைப் பத்திரமாகக் கொண்டுவந்து சேர்க்கட்டும். கருமாரியிடமும் சொல்லியிருக்கிறேன். நீ வந்த பிறகு ஒரு உதவி மட்டும் செய். பக்கத்து வீட்டிலிருந்து எப்போதாவது வாய் தவறி அவள் என்னை அம்மா என்று கூப்பிட்டால், அதட்டாதே.

பர்வீனை உன் கையில் ஒப்படைக்கக் காத்திருக்கும்
அக்கா,
நாகவல்லி