காமாலை என்று எழுத மாட்டேன்

தை, வியாழன்.

சுடலைமுத்துவின் மினி பஸ் வழக்கு இன்று விசாரணைக்கு வந்தது. பர்மிட் புதுப்பிக்கும் கெடுவை அவர் தவறவிட்டதால் வண்டி பத்தமடையில் நிற்கிறது. நீதிமன்றம் தாமதத்தை மன்னித்தால்தான் மறுபடி ஓடும்.

இத்தகைய மனுக்களில் நீதிமன்றம் பெரும்பாலும் இரக்கம் காட்டும். வழக்கமாக எல்லோரும் எழுதும் பொய்க் காரணம் மஞ்சள் காமாலை. என் குமாஸ்தாவும் அதையே எழுதி வைத்திருந்தார். அதை அடித்துவிட்டு உள்ளதை எழுதினேன்: மனுதாரர் குலசேகரன்பட்டினம் தசராவுக்குக் காளி வேடம் நேர்ந்து, வீட்டைவிட்டுக் குடிலில் விரதமிருந்தார், கெடுவை மறந்துபோனார். சுடலைமுத்துவும் கையொப்பமிட்டார்.

நீதிபதி இருமுறை படித்தார். "இது போதுமான காரணமா?" என்றார்.

"உண்மையான காரணம், ஐயா" என்றேன். உத்தரவு நாளைக்கு.

வராந்தாவில் மூத்த வழக்கறிஞர் ஒருவர் சிரித்தார். "என்ன வே, டீசலுக்குப் பதிலா உம்ம உண்மையையா ஊத்தி ஓட்டுவான்?"

சுடலைமுத்துவுக்கும் முகம் வாடிவிட்டது. "காமாலைன்னே போட்டிருக்கலாமோ, வக்கீலய்யா?"

"ஊரே உங்களக் காளியா நெனச்சுக் கும்பிட்டுக் காணிக்கை போட்டிருக்கு. அப்போ சீக்காப் படுத்திருந்தேன்னு சத்தியம் பண்ணுவீங்களா?"

"அதுக்கு அந்தக் காளி கணக்குக் கேட்டுருவா" என்றார், மெதுவாக.

வண்டி நின்றுபோனால் அவர் குடும்பம் என்ன ஆகும் என்பதை அறிவேன். அந்தப் பாரம் என்னுடையது. ஆனால் பொய் சொன்னால்தான் கிடைக்கும் என்றால், அது என்ன மன்னிப்பு? நாளை மறுக்கட்டும். மதுரை உயர் நீதிமன்றக் கிளைக்குப் போவேன். அந்த மனுவிலும் காளி வேடம்தான் இருக்கும்.