வந்து சேராத பார்சல்

மார்ச் 4

அன்புள்ள அண்ணாவுக்கு,

இங்கு எல்லோரும் நலம். நீ நலமா என்று கேட்கத் தேவையில்லை. எம்.எல்.ஏ. ஆகி, அரசின் நுகர்பொருள் பாதுகாப்புக் குழுவுக்குத் தலைவரானதிலிருந்து வாரம் மூன்று நாள் பேப்பரில் உன் முகம் வருகிறது, கன்னம் உப்பியிருக்கிறது.

நம் வக்கீல் அலுவலகத்துக்கு வருகிறவர்கள் இன்னமும், "புகார் வக்கீல் எப்பம்மா வருவாரு?" என்று உன்னைத்தான் கேட்கிறார்கள். பதினெட்டு வருடம் உன்னோடு வழக்காடிய என்னை உன் டைப்பிஸ்ட் என்றே நினைக்கிறார்கள். போகட்டும்.

தையல்காரம்மா நேற்று வந்திருந்தார். குளியலறை ஹீட்டர் வெடித்து அவர் கணவர், அந்த பஸ் டிரைவர், இறந்து ஒரு வருடம் ஆகிறது. நீதானே அங்கே மண்டி போட்டு உட்கார்ந்து தெர்மோஸ்டாட்டைக் கழற்றினாய்? சூடு ஏறினால் கரண்டை நிறுத்த வேண்டிய சின்னப் பாகம், உருகி ஒட்டிப் போயிருந்தது. "இது விபத்தில்ல, கொலை" என்று நீ சொன்னதை அவர் மறக்கவில்லை. அதே மாடல் இன்னும் மூன்று வீடுகளில் வெடித்திருக்கிறது. நுகர்வோர் மன்றத்தில் நாம் போட்ட வழக்கும் அப்படியே நிற்கிறது. கடைகளிலிருந்து அதைத் திரும்பப் பெறும் உத்தரவு உன் குழுவிலிருந்து எப்போது வரும்?

உன் தங்கை

மார்ச் 19

என் முசுட்டுத் தங்கைக்கு,

நான் பதவிக்கு வந்ததும் வராததுமாகச் சண்டையா? வெளியே நின்று கத்துவது வேறு, உள்ளே உட்கார்ந்து காரியம் சாதிப்பது வேறு. கொஞ்சம் பொறு. அந்தத் தெர்மோஸ்டாட்டை என் பெயருக்கே பார்சலில் அனுப்பு. அரசு ஆய்வகத்தில் சோதித்து, குழுவின் அறிக்கையிலேயே சேர்த்துவிட்டால் கம்பெனியால் வாய் திறக்க முடியாது. அதுவரை யாரிடமும் பேச வேண்டாம்.

உன் அண்ணி, நீ மெலிந்துவிட்டாயா என்று கேட்கச் சொன்னாள். நேரத்துக்குச் சாப்பிடு.

அன்புடன்,
அண்ணன்

மார்ச் 27

அன்புள்ள அண்ணாவுக்கு,

இன்று காலை அனுப்பிவிட்டேன். பஞ்சு சுற்றி, டப்பாவில் வைத்து நானே கட்டினேன். தையல்காரம்மா பார்த்துக்கொண்டே இருந்தார்.

"இதையும் குடுத்துட்டா நம்மகிட்ட என்னம்மா இருக்கு?" என்றார்.

"எங்க அண்ணன் இருக்காரு" என்றேன்.

தங்கை

மே 30

அன்புத் தங்கைக்கு,

அறிக்கையைப் படித்திருப்பாய். கோபப்படாமல் கேள். பார்சல் வந்து சேரவில்லை என்கிறார்கள். தபாலில் எங்கோ தொலைந்திருக்கும். பாகம் இல்லாமல் நான் என்ன எழுத முடியும்? அந்தக் கம்பெனியை நம்பி நாலாயிரம் குடும்பங்கள் இருக்கின்றன, அதையும் யோசி.

அடுத்த மாதம் எனக்கு அமைச்சர் பதவி வரலாம். இந்த நேரத்தில் நம் அலுவலகத்திலிருந்தே ஒரு வழக்கு என்றால் நாலு பேர் நாலு விதமாகப் பேசுவார்கள். வாபஸ் வாங்கிவிடு. தையல்காரம்மாவைச் சும்மா விடவில்லை. அந்தக் கம்பெனியிலேயே, பேக்கிங் பிரிவில், வேலைக்குச் சொல்லி வைத்திருக்கிறேன். நல்ல மனிதர்கள்.

அன்புடன்,
அண்ணன்

ஜூன் 9

அண்ணனுக்கு,

உங்கள் ஊர்த் தபால் அலுவலகத்துக்கே போய் விநியோகப் பதிவேட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். ஏப்ரல் இரண்டாம் தேதி பார்சல் வந்து சேர்ந்திருக்கிறது. வாங்கியவர் இடத்தில் உன் கையெழுத்து. உதவியாளர் போட்டதாக இருக்கக் கூடாதா என்று நாலு தடவை பார்த்தேன். நீயேதான்.

அறிக்கையில் பதினோராம் பக்கம்: "பயன்படுத்தியவரின் கவனக்குறைவு." ஆஸ்பத்திரியில் அந்த மனிதனின் சட்டையைக் கழற்றியபோது தோலும் சேர்ந்து வந்ததை நீயும் நானும் சேர்ந்துதானே பார்த்தோம்? வெளியே வந்து வாந்தி எடுத்தவன் நீ. தெர்மோஸ்டாட்டைக் கழற்றிய அதே கையால் இதை எப்படி எழுதினாய்? உன் கடிதத்தைப் படித்து முடித்ததும் எழுந்து போய் சோப்புப் போட்டுக் கை கழுவினேன். உன்னை நினைத்தால் மட்டுமல்ல, என்னை நினைத்தாலும் குமட்டுகிறது. டப்பாவைக் கட்டிக் கொடுத்தவள் நான்.

தையல்காரம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பேக்கிங் வேலையைப் பற்றியும். அழவில்லை, திட்டவில்லை. "அந்த ஹீட்டரை நான் டப்பால போட்டு இன்னொரு வீட்டுக்கு அனுப்பணுமா?" என்று மட்டும் கேட்டார்.

வழக்கை வேறொரு வக்கீலிடம் ஒப்படைத்துவிட்டேன். கம்பெனியோடு நீயும் எதிர்த்தரப்பு. நான் சாட்சி. பார்சல் அனுப்பச் சொன்ன உன் கடிதத்தையும் பதிவேட்டின் நகலையும் நுகர்வோர் மன்றத்தில் கொடுத்தாயிற்று. அண்ணியிடம் நீயே சொல்லிவிடு; பேப்பரில் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டாம்.

பொய் சொல்ல வேண்டியதில்லை என்பதால் சாட்சிக் கூண்டில் ஏற எனக்குப் பயமில்லை. ஆனால் முதல் கேள்வியே, எதிர்த்தரப்புக்காரர் உங்களுக்கு என்ன உறவு என்பதாகத்தான் இருக்கும். எல்லோர் முன்னாலும் 'அண்ணன்' என்று சொல்ல வேண்டும். அதை நினைத்தால்தான் அருவருப்பாக இருக்கிறது.

தங்கை