தமிழ் தெரியாதவன்

ஒக்லாந்து,
ஆவணி 1987

அன்பின் இமெல்டா,

உமக்கு மூச்சு முட்டு வருத்தம் குறைந்ததா? மாமி சுகமா? நான் நல்ல சுகம். தபாலை நம்பாமல், ஊருக்கு வரும் பாதரிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

போர்க்குற்றவாளிகளைத் தேடும் சட்டத்தரணி ஒருவருக்காக, பென்ரோசில் பழைய கூலிப்படையினர் கூடும் கிளப்பில் பரிமாறுகிறேன். அங்கே நான் தமிழ் தெரியாத பிஜி இந்தியன். கூலிக்கு இராணுவத்தோடு ஊருக்கு வந்து என் தம்பி லம்பேட்டைச் சுட்ட வெள்ளைக்காரனைத் தேடுகிறோம். பயப்படாதேயும், வேலை லேசுதான்.

சனிக்கிழமை சூப் வைக்கும்போது ஒருவன் என்னையே பார்த்தான். திடீரென்று, "முழந்தாளிலை இரு!" என்று தமிழில் கத்தினான். தம்பியைச் சுடமுன் சொன்னதாக நீர் சொன்ன அதே வார்த்தை. என் கால்கள் தாமாக மடியப் பார்த்தன.

விளங்கவில்லை என்று இங்கிலீசில் சொல்லிச் சிரித்தேன். அவனும் சிரித்தான்.

தம்பியைச் சுட்ட அன்று அவன் முகத்தைக் கண்டவர் நீர் ஒருவர்தான். அதனால் சட்டத்தரணி உம்மைச் சாட்சிக்குக் கூப்பிடுகிறார். வரும்போது மிளகாய்த்தூளும் உடுக்க என் இரண்டு சாரமும் கொண்டுவாரும். பயமென்றால் சாட்சி சொல்ல வேண்டாம், சும்மா வாரும். நடித்து நடித்து, அறையில் தனியாக இருக்கும்போதும் தமிழ் வாயில் வருகுதில்லை.

பாதர் அவசரப்படுத்துகிறார். இந்தச் சனிக்கிழமையும் வேலை இருக்கிறது. தன் மேசைக்கு நான்தான் பரிமாற வேண்டுமென்று அவன் கேட்டிருக்கிறானாம். செபத்தில் என்னை நினையும்.

உம்முடைய
சிறில்