அண்ணையின் ஒரே வாக்கு

அண்ணை,

இன்று செவன் ஹில்ஸ் பள்ளிக்கூட வாசலில் வெங்காயம் வதங்கும் வாசனை வந்ததும் உங்களைத்தான் நினைத்தேன். வாக்களிக்க வருகிறவர்களுக்கு வழக்கம்போல ஒரு பக்கத்தில் சொசேஜ் இறைச்சியைச் சுட்டு, பாண் ரொட்டியில் வைத்து விற்றுக்கொண்டிருந்தார்கள். உங்களுக்குப் பாணும் வெங்காயமும் மட்டும் போதும்.

இந்த நாட்டுக்குப் படகில் வந்து, தற்காலிக விசாவில் காத்திருந்த அத்தனை ஆண்டுகளிலும் நீங்கள் ஒரு தேர்தலையும் தவறவிட்டதில்லை. வாக்கு, குடியுரிமை இருந்த எனக்கு மட்டும்தான். வரிசையில் நின்றது இருவரும். கட்சிக்காரர்கள் நீட்டும் தாள்கள் எல்லாவற்றையும் வாங்கி மடித்துச் சட்டைப்பையில் வைப்பீர்கள். "ஒருத்தற்ர மனமும் நோகக்கூடாது." கதவடியில் நின்றுவிடுவீர்கள். "நீ போட்டுட்டு வா, நான் இதில நிக்கிறன்." அதைக் கேட்டுவிட்டு உள்ளே போக எனக்கு வெட்கமாக இருக்கும்.

உங்களுக்கும் குடியுரிமை கிடைத்த பிறகு வந்த மத்திய தேர்தலுக்குப் புதுச் சட்டை போட்டு வந்தீர்கள். எப்படி நிரப்புவது என்று நான் வாயெடுத்ததுமே, "எனக்குச் சொல்லித்தாறியோ? ஊரில எத்தினை தேர்தல் கண்டவன் நான்!" என்று அடக்கிவிட்டீர்கள். வெளியே வந்து சின்னவிரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தீர்கள்.

"மை பூசேல்லையடா. ஆர் நம்பப்போகினம்? ஒரேயொரு புள்ளடி. கோட்டில முட்டாமல் வடிவாய்ப் போட்டனான்."

 அந்தத் தாளில் எல்லாக் கட்டங்களிலும் ஒன்று, இரண்டு என்று விருப்ப வரிசைப்படி இலக்கமிட வேண்டும். ஊரில் போடுவதுபோல ஒருவருக்கு நேரே மட்டும் பெருக்கல் குறியாய்ப் புள்ளடி போட்டால் செல்லாது. தாளோ பெட்டிக்குள் விழுந்துவிட்டது. நீங்கள் விரும்பியவர் வென்றதும் பிளாக்டவுன் கடையில் எல்லோருக்கும் தேநீர் வாங்கிக் கொடுத்து, "என்ர வாக்கும் அதுக்குள்ள கிடக்கு" என்றீர்கள். அந்த முகத்தைப் பார்த்து எப்படிச் சொல்வேன்? அடுத்த தேர்தலுக்கு முன் சொல்லலாம் என்று ஒத்திப்போட்டேன். அதற்குள் மாரடைப்பில் போய்விட்டீர்கள்.

நான் அக்கா என்று கூப்பிடும் உங்கள் மனைவிக்கு, குடியுரிமை கிடைத்தபின் இன்று முதல் வாக்கு. நான்தான் கூட்டிக்கொண்டு போனேன். வரிசையில் நிற்கும்போது இலக்கமிடும் முறையைச் சொன்னேன். அக்கா என்னை உற்றுப் பார்த்தார்.

"அவர் புள்ளடியெண்டல்லோ சொன்னவர்? அப்ப அவற்ர வாக்கு?"

"அந்தமுறை அப்பிடித்தான், அக்கா. இப்பதான் மாத்தினவங்கள்."

"அதுதானே பாத்தன்," என்று முகம் தெளிந்து உள்ளே போனார்.

பொய்தான், அண்ணை. உங்களிடம் உண்மையைச் சொல்லாத குற்றத்தோடு இதையும் சேர்த்துச் சுமக்கிறேன். அக்கா இருக்கும்வரை உங்கள் வாக்கு செல்லும்.